ஒன்று விட்டு ஒரு விரல்

"தகட்டுக்கு என்ன, கண்ணா இருக்கு?" என்று நம்பர் அக்கா வாய்விட்டே கேட்டுவிட்டாள்.

ஆஸ்பத்திரி ரெக்கார்டு ரூமில் அவளுக்கு அதுதான் பெயர். டாக்டர் எழுதியதைப் படித்து, ஒவ்வொரு காயத்துக்கும் உரிய குறியீட்டைக் கம்ப்யூட்டரில் ஏற்றுவது அவள் வேலை. கால் விரல் நசுங்கினால் எஸ் 97.1. அதோடு விடாது; எப்படி நசுங்கியது என்பதற்கு இன்னொரு குறியீடு. ஏதாவது மேலே விழுந்தால் ஒன்று, ஒருவன் அடித்தால் வேறொன்று. அடிதடிக் குறியீட்டைப் போட்டால் அந்தக் கேஸ் நேரே வாசலில் இருக்கும் போலீஸ் மேசைக்குப் போய்விடும்.

இது ஒரு இரும்புக் கிடங்கு லோடுமேனின் கேஸ். 'தகடு விழுந்ததாக நோயாளி சொல்கிறார்' என்று டாக்டர் எழுதியிருந்தார். இடது கால் கட்டைவிரல் கூழ். பக்கத்து விரலில் கீறல்கூட இல்லை. நடுவிரல் எலும்பு தூள். அடுத்தது முழுசாக இருக்கிறது. சுண்டுவிரல் தோலில் தொங்குகிறது.

கோடிங் வேலையில் ஒரு கட்டுப்பாடு உண்டு. மனசில் பட்டதைப் போடக் கூடாது. சந்தேகம் வந்தால் டாக்டரைக் கேட்டு, அவர் எழுதிய பிறகுதான் போட வேண்டும். வழக்கம்போல வார்டுக்குப் போன் அடித்தாள். ஓர் ஆண் குரல் எடுத்தது.

"டாக்டர், அந்தக் கால் விரல் கேஸு... தகடு விழுந்த மாதிரி தெரியல. யாரோ அடிச்சிருக்காங்க. தனியா கூப்பிட்டுக் கேட்டு எழுதிடறீங்களா?"

"அவன் அப்படிச் சொன்னானா?"

"இல்ல, காயத்தைப் பார்த்தா..."

"சரி. நான் கேட்டுக்கறேன்."

ரிசீவரை வைப்பதற்குள் கதவைத் தள்ளிக்கொண்டு டாக்டரே உள்ளே வந்தார், கையில் டீயோடு. "என்னக்கா, கையெழுத்து ஏதாச்சும் பாக்கியா?"

அக்கா கையிலிருந்த ரிசீவரைப் பார்த்தாள். "அப்போ போன்ல பேசினது யாரு?"

இருவரும் ஓடினார்கள்.

வார்டில் லோடுமேன் பாதி கட்டிலிலும் பாதி தரையிலுமாகக் கிடந்தான். உதடு கிழிந்த அவன் மனைவி மூலையில் சுருண்டிருந்தாள். காலையிலிருந்து துணைக்கு வந்தவன்போலத் தலைமாட்டில், வார்டு போன் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்த கிடங்கு சூப்பர்வைசர், பீரோ மாதிரி ஆள், லோடுமேனின் சட்டையைக் கொத்தாகப் பிடித்திருந்தான்.

"கிரேன் சங்கிலி இத்துப் போச்சு, லோடு ஏத்தாதீங்கன்னு ஆளைக் கூட்டினே. அதுக்கே மூணு விரல். இங்க வந்து கதை வேற சொல்றியா?"

"நான் ஒண்ணும் சொல்லலண்ணே! என் புள்ள மேல சத்தியமா சொல்லலண்ணே!"

உண்மைதான். அவன் சொல்லவில்லை. சொன்னவள் வாசலில் மூச்சு வாங்க நின்றாள்.

சூப்பர்வைசர் கட்டுப் போட்ட காலின் மேல் ஏறி மிதித்தான். வெள்ளைத் துணி நனைந்து சிவந்தது. லோடுமேன் போட்ட அலறலில் பக்கத்துக் கட்டில்காரர்கள் எழுந்து சுவரோடு ஒட்டிக்கொண்டார்கள். "இன்னும் ரெண்டு மிச்சம் இருக்கில்ல?" என்று அவன் மறுபடி காலைத் தூக்கினான். டாக்டர் பாய்ந்து பிடித்தார். ஒரே குத்து, மூக்கு உடைந்து சரிந்தார்.

"அவனை விடுடா! கேட்டது நான்டா!"

அவன் திரும்பினான். அடுத்த கணம் அவள் கழுத்து அவன் கையில், முதுகு சுவரில். "போன்காரி நீதானா? உனக்கெதுக்குடி ஊர் வம்பு?"

கண் இருட்டிக்கொண்டு வந்தது. துழாவிய கையில் ஆக்சிஜன் சிலிண்டர் தட்டுப்பட்டது. அதைச் சுவரோடு பிடித்திருந்த கொக்கியைத் தட்டிவிட்டாள். குனிய முடியவில்லை, கண்ணை மட்டும் தாழ்த்தினாள். அவன் காலில் வெறும் ரப்பர் செருப்பு. குறி பார்த்தே சாய்த்தாள்.

நொறுக்கென்றது. கழுத்தைப் பிடித்த கை விட்டுப்போனது.

காவலாளிகள் வந்து அவனை அமுக்கிய பிறகு, மூக்கில் பஞ்சோடு டாக்டர் அவன் காலைப் பார்த்தார். அக்காவின் காதருகே வந்தார். "சிலிண்டர் தானா சரிஞ்சுது. நான் பார்த்தேன். அப்படியே எழுதிடறேன்."

ஒரு 'சரி' சொன்னால் வேலை தப்பும். ஜெயிலுக்கும் போக வேண்டாம்.

"இல்ல டாக்டர்," என்றாள், கம்மிய குரலில். "நான்தான் தள்ளினேன். பார்த்துத்தான் தள்ளினேன். அவன் என் கழுத்தை நெரிச்சதையும் சேர்த்து எழுதுங்க."

"பைத்தியமாக்கா உங்களுக்கு? போலீஸுக்குப் போயிடும்!"

"போகட்டும். அங்க நான் பேசிக்கறேன்."

கட்டிலிலிருந்து லோடுமேன் அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். "டாக்டர்," என்றான். "எனக்கும் தகடு விழலைங்க. சுத்தியல். ரெண்டு பேர் அமுக்கிப் பிடிச்சாங்க. இவன்தான் அடிச்சான்."

"வாயை மூடுடா!" என்று தரையிலிருந்து உறுமல் வந்தது.

டாக்டர் பேனாவைத் திறந்தார். மூலையிலிருந்து லோடுமேனின் மனைவி கிழிந்த உதட்டைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

"பிடிச்ச ரெண்டு பேரையும் எனக்குத் தெரியும். எழுதிக்குங்க டாக்டர், ஒவ்வொருத்தனா சொல்றேன்."