அவள் சாகவில்லை என்று சொன்னவன்

பம்பாய் மில்லில் பதினோரு வருஷம் உழைத்து, ஆள் குறைப்பில் வேலை போய், 1938இல் திண்டிவனத்துக்கே திரும்பிய இருதயராஜுக்கு மல்லாட்டை மண்டியில் கடலை மூட்டை தூக்கும் வேலைதான் கிடைத்தது. சேரிக்காரனுக்கு அதுவே பெரிது என்றார்கள். அவனுக்கு இந்துஸ்தானி தெரியும் என்று கேள்விப்பட்டு டூரிங் கொட்டாய் முதலாளி வேங்கடேசன் ஆள் அனுப்பினார். தமிழ்ப் படப் பெட்டி வராமல், இந்திப் படம் ஒன்று வந்து இறங்கியிருந்தது.

“படம் ஓடறப்ப நீ தமிழ்ல கதை சொல்லணும். திரைக்குப் பின்னால நின்னுக்கினு சொல்லு. நாற்காலிக்காரங்க கண்ணுல பட்டுடாதே.”

“சரிங்க மொதலாளி.”

தகரக் குழாயை வாயில் வைத்துக்கொண்டு, திரையில் இடம் வலம் மாறித் தெரிந்த மனிதர்களைப் பார்த்துச் சொன்னான். தோல் பதனிடும் வீட்டுப் பெண் ஒருத்தி. ஊர்க் கிணற்றில் தண்ணீர் எடுத்ததற்காக அவளை அடித்து விரட்டுகிறார்கள். பிறகொரு நாள் ஜமீன்தாரின் குழந்தை அதே கிணற்றில் விழுகிறது. அவள் குதித்துக் குழந்தையைக் காப்பாற்றிவிட்டுச் செத்துப்போகிறாள். ஊரே கூடி அவளுக்கு மாலை போட்டுக் கும்பிடுகிறது.

நாற்காலிகளில் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. கயிறு கட்டிப் பிரித்த ஓரத் தரையில் சேரிச் சனமும் அழுதது. அவன் மனைவி லூர்துமேரி அழவில்லை. வீட்டுக்குப் போகும் வழியில் கேட்டாள்.

“செத்தாத்தான் மாலை போடுவாங்களா?”

“படத்தை அப்பிடி எடுத்து வெச்சிருக்காங்க. நான் இன்னா பண்றது?”

“சொன்னது உன் வாய்தானே?”

மறுநாள் மண்டியில் அவனால் ஓரிடத்தில் நிற்க முடியவில்லை. மண்டிக்காரர் நடராசன் அவனைக் கூப்பிட்டார். “அந்தப் பொண்ணு செத்தப்ப மனசே தாங்கலடா” என்றார். நிஜமாகவே கண் கலங்கியிருந்தது. இருதயராஜ் ஓரடி முன்னால் வந்தான். “தள்ளி நில்லு, மேல பட்டுடப் போற” என்றார், அதே குரலில். ஏசியிருந்தால்கூட அவனுக்குப் பழகியிருக்கும். அந்தக் கண்ணீர்தான் நாளெல்லாம் குடைந்தது.

அன்று மாலை படம் முடிவை நெருங்கியது. திரையில் அவள் கண்மூடிக் கிடந்தாள். ஊர் கைகூப்பி நின்றது.

“அவ சாகல” என்றான். “களைச்சுப் படுத்துக்கினு இருக்கா. ஊரே மன்னிப்புக் கேக்குது. இனிமே நீயும் இந்தக் கெணத்துல தண்ணி எடுத்துக்கம்மான்னு கெஞ்சுது. அவ இன்னும் பதில் சொல்லல.”

கயிற்றுப் பக்கத்திலிருந்து ஒரு சீட்டி. அடுத்து இன்னொன்று. தரையில் இருந்தவர்கள் எழுந்து நின்று கத்தினார்கள்.

“பொய் சொல்றான்டா! நேத்து செத்தாளே!” என்று நடராசன் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தார்.

வேங்கடேசன் திரைக்குப் பின்னால் ஓடிவந்து குழாயைப் பிடுங்கினார். “என் பொழைப்பைக் கெடுக்க வந்தியா? அந்தப் பொம்பள செத்தா உனக்கு இன்னா?”

“எனக்கு இன்னான்னு தெரிஞ்சுதான் சொன்னேங்க” என்றான் இருதயராஜ். அடி விழுந்தது. திருப்பிக் கை ஓங்கவில்லை, குனியவும் இல்லை.

மூன்றாம் நாள் விழுப்புரத்திலிருந்து இந்தி தெரிந்த ரயில்வே குமாஸ்தா ஒருவர் வந்து, திரைக்கு முன்னால் நின்று, அவள் செத்துப்போனதாகச் சரியாகச் சொன்னார். நாற்காலிகள் அழுதன. கயிற்றுக்கு அந்தப் பக்கம் யாரும் வரவில்லை.

மண்டி வேலையும் போயிற்று. விழுப்புரம் ஜங்ஷனில் கரி அள்ள ஆள் எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு, மறுநாள் காலை இருவரும் மூட்டையோடு ஸ்டேஷனுக்கு நடந்தார்கள். வழியில் மல்லாட்டைக் கொல்லையில் செடி பிடுங்கிக்கொண்டிருந்த சேரிப் பெண்கள் அவனை அடையாளம் கண்டுகொண்டார்கள். அம்சவள்ளி என்பவள் வரப்புக்கே ஓடிவந்தாள்.

“அண்ணே, அப்புறம் அவ இன்னா பதில் சொன்னா?”

இருதயராஜ் நின்றுவிட்டான். அதை அவன் யோசித்திருக்கவில்லை. எல்லாரும் கை வேலையை நிறுத்திவிட்டு அவன் வாயையே பார்த்தார்கள். அவன் லூர்துமேரியைத் திரும்பிப் பார்த்தான்.

“எனக்கும் தெரிலம்மா” என்றான் கடைசியில். “நீங்களே சொல்லுங்க.”

பெண்கள் எல்லாரும் ஒரே சமயத்தில் பேச ஆரம்பித்தார்கள். ரயில் ஊதியது. லூர்துமேரி மூட்டையை இறக்கி வரப்பில் வைத்தாள்.