அடங்கட்டும், அப்புறம் பார்க்கலாம்

எழுந்தேன். பால் காய்ச்சினேன். முகம் மழித்தேன். இரண்டு தம்ளர் எடுத்தேன், பழக்கத்தில். ஒன்றைத் திரும்ப வைத்தேன். ஹாலில் மச்சான் படுத்திருப்பது நினைவுக்கு வந்தது. மறுபடி எடுத்தேன்.

அவன் என் மனைவியின் தம்பி. லிஃப்ட் மெக்கானிக். முதல்நாள் நான்தான் வரச்சொல்லியிருந்தேன். டீயைக் குடித்துக்கொண்டே மேசை மேலிருந்த வெள்ளைக் கேனை முறைத்தான். பரிசோதனைக்கூடத்தில் வாங்கிவந்த கேன். இன்று முழுக்கவும் நாளைக் காலை வரையும் அவன் போகிற சிறுநீரை அதில் பிடிக்க வேண்டும்.

"இதைத் தூக்கிக்கிட்டு வேலைக்குப் போகணுமா? சூப்பர்வைசர் கேட்டா என்னன்னு சொல்றது மாமா, ஜூஸுன்னா?"

"லீவு போடு."

"ஒண்ணுக்குப் போறதுக்கு லீவா? ஊரே சிரிக்கும்."

நான் சிரிக்கவில்லை. போன மாதம் சாப்பிட உட்கார்ந்தவன் திடீரென்று சுண்ணாம்பாக வெளுத்தான். சட்டையைப் பிழியலாம் போல வியர்வை. கேட்டதற்கு வெயில் என்றான். வெளியே மழை கொட்டிக்கொண்டிருந்தது.

அவன் அக்காவுக்கும் அப்படித்தான் வரும். தலை வெடிக்கிற மாதிரி வலி, வியர்வை, நெஞ்சுக்குள் யாரோ ஓடுகிற மாதிரி படபடப்பு. மூன்றும் சேர்ந்து வரும், கொஞ்ச நேரத்தில் தானாகப் போகும். அவள் வேலை பார்த்தது ஒரு கிளினிக்கில். வருகிறவர்களுக்கெல்லாம் ரத்த அழுத்தம் பார்ப்பது அவள்தான். வேகமாக நடந்து வந்தவர்களை உடனே பார்க்க விடமாட்டாள். உட்காருங்க, மூச்சு அடங்கட்டும், அப்புறம் பார்க்கலாம் என்பாள். அதுதான் முறை. தனக்கு வரும்போதும் அதே முறைதான். சமையலறைத் தரையில் அலமாரியில் சாய்ந்து கண்ணை மூடிக்கொள்வாள். எல்லாம் அடங்கிய பிறகு கையில் பட்டையைச் சுற்றுவாள். ஒவ்வொரு முறையும் சரியாக இருக்கும். "பிரஷர் எல்லாம் இல்லீங்க, டென்ஷன்தான். உங்க கூட குடும்பம் நடத்துறேன்ல" என்பாள். அவளுடைய டாக்டரும் அந்த அளவுகளைத்தான் பார்த்தார்.

பித்தப்பையில் கல் என்று அறுவைச் சிகிச்சைக்குச் சேர்த்தோம். அன்றும் அழுத்தம் சரியாகவே இருந்தது. மேசையில் படுக்கவைத்து மயக்க மருந்து கொடுத்த பிறகு எகிறியது. இதயம் தாங்கவில்லை.

சிறுநீரகத்தின் தலையில் குல்லா போல ஒரு சுரப்பி இருக்கிறதாம். அதில் கட்டி. பிறகுதான் தெரிந்தது. ஓடிப் பிழைக்க வேண்டிய நேரத்தில் உடம்பு சுரக்கிற நீரை அந்தக் கட்டி காரணமில்லாமல் கொட்டும் என்றார் பெரிய டாக்டர். அபூர்வமானது என்றார். ஏன் வருகிறது என்று கேட்டேன். பலருக்குக் காரணம் தெரிவதில்லை, சில குடும்பங்களில் பரம்பரையாக வரும் என்றார். பிறகு கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "அவங்களுக்குக் கூடப்பிறந்தவங்க இருக்காங்களா?" என்றார்.

இருக்கிறான். லிஃப்ட் கூண்டின் மேல் நின்று, இருட்டுக் குழிக்குள் கம்பி மாற்றுகிறான்.

"சரி, இருக்குன்னே வச்சுக்குவோம்" என்றான் மச்சான். "அடுத்து கத்திதானே? அக்காவுக்கு என்ன ஆச்சுன்னு பார்த்தோம்ல. போதும் மாமா."

"தெரியாம கை வச்சாங்க, அதனால போனா. முன்னாடியே தெரிஞ்சா மாத்திரை குடுத்து அழுத்தத்தை அடக்கிட்டுத்தான் தொடுவாங்களாம்."

"நீங்க எப்ப டாக்டர் ஆனீங்க?"

எனக்குச் சண்டை போடத் தெம்பில்லை. அவன் பையை எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போனான். பூட்ஸை மாட்டி, கயிறு கட்டக் குனிந்தான். குனிந்தவன் நிமிரவில்லை. சுவரைப் பிடித்துக்கொண்டு அப்படியே தரையில் உட்கார்ந்தான். உதடு வெளுத்திருந்தது. நெற்றியிலிருந்து மூக்கு வழியாகச் சொட்டியது.

நான் அவளுடைய பிரஷர் கருவியை எடுத்து வந்தேன்.

"இருங்க மாமா... கொஞ்சம் அடங்கட்டும். அப்புறம் பார்க்கலாம்."

"அடங்க வேண்டாம். கையை நீட்டுடா."

பட்டை இறுகியது, விட்டது, மறுபடி இறுகியது. எண் இருநூறைத் தாண்டி நின்றது. அவன் பக்கம் திருப்பிக் காட்டினேன். அவனுக்கும் அது என்னவென்று தெரியும். அக்காவிடம் கை நீட்டி விளையாடி வளர்ந்தவன்.

நிறம் திரும்பியதும் அவன் பூட்ஸைக் கழற்றினான். சூப்பர்வைசரைக் கூப்பிட்டு வயிற்றுப்போக்கு என்றான். எழுந்து கேனை எடுத்துக்கொண்டு குளியலறை வரை போனவன் திரும்பினான்.

"மாமா, அக்கா கடைசியா என்னைப் பார்த்துக்கச் சொன்னான்னு அம்மா எல்லார்கிட்டயும் சொல்லுது. நெசமா?"

அத்தை அன்று ஆஸ்பத்திரியில் இல்லவே இல்லை. ஆமாம் என்று சொல்லியிருக்கலாம். அவன்தான் கேனைக் கையில் எடுத்துவிட்டானே, இனிப் பொய் தேவைப்படவில்லை.

"இல்லடா."

"பின்ன என்னதான் சொன்னா?"

சொன்னேன். அறுவைச் சிகிச்சைக்குத் தள்ளுவண்டியில் கொண்டுபோகும்போது தலையைத் தூக்கிச் சொன்னாள்:

"பக்கத்துக் கட்டில் அம்மா சார்ஜர் கேப்பாங்க. குடுங்க, ஆனா கூடவே நில்லுங்க. நேத்து அவங்க வீட்டுக்காரர் பாக்கெட்ல போட்டுக்கிட்டுக் கிளம்பிட்டார்."