புகை ஏறிய சட்டைகள்

"மூணு மணிக்கு ஸ்லாட் குடுத்துட்டாங்க. ரெண்டரைக்குப் பெட்டியத் தெறந்தா போதும்," என்று செல்போனை அணைத்தபடி உள்ளே வந்தார் வெங்கடகிருஷ்ணன் சித்தப்பா. மின்மயானத்தைத்தான் சொன்னார். ஐஸ் பெட்டிமேல் மாலைகளை ஒதுக்கிக்கொண்டிருந்த லாவண்யாவின் கை நின்றது.

"வேணாம் சித்தப்பா. அப்பாவைப் புதைக்கணும்."

தொம்மலூர் வீட்டின் அந்தச் சின்ன ஹாலில் எல்லோரும் அவளைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"என்னம்மா சொல்ற? நம்மள்ல எரிக்கிறதுதான வழக்கம்?"

"அப்பாதான் சொன்னாரு."

எட்டு நாளுக்கு முன், ஆஸ்பத்திரியில் அவள் கஞ்சி ஊட்டும்போது அப்பா சந்திரசேகரன் சொன்னார்: "என்னை நெருப்புல வச்சிராதம்மா." "பேசாம குடிங்கப்பா," என்று அவள் அடுத்த கரண்டியை நீட்டிவிட்டாள். ஏன் என்று கேட்கவில்லை. அம்மாவிடமும் சொல்லவில்லை. சொல்லிவிட்டால் அவர் போகப்போவது உறுதியாகிவிடும் போலிருந்தது.

"முப்பத்துநாலு வருஷம் ஃபயர் சர்வீஸ்ல இருந்தவரு. எரியற கட்டடத்துக்குள்ள மொத ஆளா போவாரு. அவருக்கு நெருப்புன்னா பயமா?" என்றார் சித்தப்பா. "அண்ணன் பயந்துட்டாருன்னு நாலு பேரு பேசணுமா?"

வேலையைப் பற்றி அப்பா வீட்டில் வாய் திறந்ததே கிடையாது. டியூட்டி முடிந்து வந்தால் பின்பக்கக் குழாயடியில் குளித்துவிட்டுத்தான் லாவண்யாவைத் தூக்குவார். ஓடிப்போய்க் கட்டிக்கொள்ள விடமாட்டார். அப்பாவுக்குத் தன்மேல் ஆசையே இல்லை என்று சின்ன வயதில் அழுதிருக்கிறாள்.

காலையிலிருந்து சுவரோரம் உட்கார்ந்திருந்த அம்மா சொர்ணம் நிமிர்ந்தாள்.

"அவரு சட்டைய நான்தான தொவச்சேன், தம்பி. வெறும் பொகைன்னா ஒரு தண்ணியில போயிரும். உள்ள ஆளுங்க மாட்டிக்கிட்ட நாளுன்னா, அந்த வாடை நாலு தண்ணி அலசினாலும் போகாது. அன்னைக்கு அவரு சாப்பிட மாட்டாரு. நானும் ஏன்னு கேட்டதில்ல." முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "பொதச்சிருங்க."

சித்தப்பா அண்ணன் முகத்தைப் பார்த்தார். பிறகு வாசலுக்குப் போனார். "அந்த மூணு மணி ஸ்லாட்ட வேற யாருக்காச்சும் குடுத்துருங்க சார்," என்று அவர் செல்போனில் சொல்வது உள்ளே கேட்டது.

இடுகாட்டில் முதல் பிடி மண்ணை லாவண்யா போட்டாள். ஃபயர் ஸ்டேஷனிலிருந்து வந்த ஆறு பேர் விறைத்து நின்று சல்யூட் அடித்தார்கள். குழி மூடியதும் சித்தப்பா தலைமாட்டில் ஒரு கட்டி கற்பூரம் ஏற்றினார், விழுந்து கும்பிட்டார், யாரையும் பார்க்காமல் நடந்தார்.

எல்லோரும் கேட்டை நோக்கிப் போக, அப்பாவின் தீயணைப்பு வண்டியை இருபது வருஷம் ஓட்டிய கேசவ் மட்டும் அசையவில்லை.

"வாங்க அங்கிள், போலாம்."

"ஒந்து நிமிஷம்மா. அணையட்டும்," என்றார் அவர், கன்னடம் கலந்து.

காற்றில் சுடர் சாய்ந்தது, நீலமாகிச் சுருங்கியது, அடங்கியது. கேசவ் குனிந்து, சூடு மிச்சமிருக்கிறதா என்று அந்த இடத்து மண்ணில் புறங்கையை வைத்துப் பார்த்தார். தலையசைத்துவிட்டு நகர்ந்தார்.

லாவண்யாவும் மண்டியிட்டு அதே இடத்தில் கையை வைத்தாள். மண் குளிர்ந்திருந்தது.