மாத்திரைக் கார்டு

என் வீட்டுக்காரர் கன்னியப்பன் உத்திரமேரூர் பக்கம் பேர் போன டிராக்டர் மெக்கானிக். தனியாளாய் இன்ஜினைப் புரட்டிப் போட்ட மனுஷன். இடுப்பெலும்பில் புற்றுநோய் வந்த பிறகு ஒருக்களித்துப் படுக்கக்கூட "ஐயோ தேவகி" என்று அலறினார். தெருக்கோடி வரைக்கும் கேட்கும்.

காஞ்சிபுரத்துப் பெரிய ஆஸ்பத்திரி டாக்டரம்மா ஒளிக்காமல் சொல்லிவிட்டார். "குணமாக்க முடியாதும்மா. ஆனா வலியக் கொறைக்கலாம். மார்ஃபின்னு ஒரு மாத்திரை இருக்கு, கடையில கிடைக்காது. அதுக்கு அரசாங்கத்துல ஒரு கார்டு வாங்கணும். கார்டோட வாங்க, அன்னிக்கே தர்றேன்."

கார்டுதானே, ரேஷன் கார்டு வாங்கினவளுக்கு இது ஒரு பெரிய விஷயமா என்று நினைத்தேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும். அது 2002, வைகாசி மாதம். எங்கள் பெண் சுபாஷ்ரீக்கு நிச்சயம் முடிந்து ஆவணியில் கல்யாணம் வைத்திருந்தோம்.

காஞ்சிபுரத்து ஆபீசுக்கு முதல் தடவை போனபோது வி.ஏ.ஓ. கையெழுத்து இல்லை என்றார்கள். அந்த ஆளை நான்கு நாள் துரத்திப் பிடித்து வாங்கிக்கொண்டு போனால், போட்டோவில் சீல் இல்லையாம். சீல் குத்திக்கொண்டு போனால் கிளார்க் லீவு. கடைசியில் அந்தக் கிளார்க்கைக் கண்ணால் பார்த்தபோது, தலையைத் தூக்காமலே சொன்னான்.

"நோயாளி நேர்ல வரணும்."

"அவரு நேர்ல வர முடிஞ்சா எனக்கு இன்னாத்துக்குய்யா இந்த மாத்திர?"

"ரூல்ஸும்மா. நா இன்னா பண்றது?"

வேன் பிடித்து, மெத்தை போட்டு, அவரைக் கிடத்திக்கொண்டு போனோம். ரோடா அது? ஒவ்வொரு பள்ளத்துக்கும் அவர் என் கையைப் பிடித்த பிடியில் வளையல் இரண்டு உடைந்தது. கிளார்க் வெளியே வந்து வேன் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தான். "சரி, ஆளு கீறாரு" என்றான். உள்ளே போய்விட்டான். அவ்வளவுதான்! அந்த ஒரு எட்டிப் பார்வைக்கு இருபத்தெட்டு கிலோமீட்டர். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அவன் மேஜையைக் கவிழ்த்திருப்பேன், வேனுக்குள் இவர் முனகுகிற சத்தம்தான் என்னைத் தடுத்தது.

பின்னாலேயே போய் நின்றதும் அடுத்ததைச் சொன்னான். "ஃபாரத்துல போதைப் பொருள்னு போட்டுக்கீது. ஸ்டேஷன்ல விசாரிச்சு எழுதித் தரணும்."

மூன்றாம் நாள் ஜீப்பில் வந்து இறங்கினார் ஏட்டு ஏழுமலை. நேராக எங்கள் வீட்டுக்கு வந்திருந்தால் அவருக்குப் புண்ணியமாகப் போயிருக்கும். டீக்கடையில் நிறுத்தி, பத்துப் பேர் இருக்கும்போது கேட்டிருக்கிறார்: "போதை மருந்து வேணும்னு எழுதிப் போட்டுக்கீற கன்னியப்பன் வூடு எதுப்பா?" ஊருக்கு வேறென்ன வேண்டும்?

வீட்டில் இவரைப் பார்த்ததும் ஏட்டு தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். கூச்சத்தோடுதான் கேட்டார். "கஞ்சா, சாராயம்னு முன்னாடி கேஸ் எதுனா கீதாம்மா?"

"பீடி கூட இயுத்ததில்ல சார்" என்றார் இவர், பல்லைக் கடித்துக்கொண்டு.

ஏட்டு நல்லபடியாகவே எழுதிக்கொண்டு போனார். என்ன பிரயோஜனம்? வாரம் முடிவதற்குள் பேச்சு பாலாற்றங்கரையில் இருக்கிற மாப்பிள்ளை ஊர் திருமுக்கூடலுக்குப் போய்விட்டது. மாப்பிள்ளையின் அம்மா எல்லம்மாள் வந்து நின்றாள். கொடுத்த காப்பியைத் தொடவில்லை.

"சம்மந்தி, ஒங்கள நா தப்பு சொல்லல. பொண்ணோட அப்பன் போதை மாத்திர துன்றான், வூட்டுக்குப் போலீஸ் வந்து போவுதுன்னு எங்க சனம் பேசுது. எயுதிக் குடுத்தத வாபஸ் வாங்கிடுங்க. கல்யாணம் முடியட்டும், அப்பால கார்டு வாங்குங்க, இன்னா வேணா வாங்குங்க."

"கல்யாணத்துக்கு நாப்பத்தஞ்சு நாளு கீதும்மா!" என்றேன்.

உள்ளே இருந்து இவர் குரல் வந்தது. "சரிம்மா. நா தாங்கிக்கிறேன்."

எல்லம்மாள் போனதும் என் கோபமெல்லாம் இவர் மேல் பாய்ந்தது. "இன்னாத்தத் தாங்குவ? ராத்திரி தலகாணியக் கடிச்சிக்கினு கெடந்தியே, அத்தயா?" என்று கத்தினேன். ஒருமையில் கத்தினது அன்றைக்குத்தான். அவர் கோபப்படவில்லை. "நம்ம பொண்ணுடி" என்றார்.

மறைக்காமல் சொல்கிறேன், நானும் இறங்கிப் போனேன். மறுநாள் காலையில் சுபாஷ்ரீயைக் கூப்பிட்டு, "விண்ணப்பத்தை வாபஸ் பெறுகிறோம்" என்று அவள் கையாலேயே எழுத வைத்தேன். அவள் அப்பா படுத்தபடியே கையெழுத்துப் போட்டார். அவள் அதை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு பஸ் ஏறினாள்.

திரும்பி வர விளக்கு வைக்கிற நேரம் ஆகிவிட்டது. பையிலிருந்து ஒரு நீல அட்டையை எடுத்தாள், அடுத்து மாத்திரைப் பொட்டலத்தை எடுத்தாள்.

"ரெண்டு நாளா கையெய்த்தாகி அந்தாளு மேஜ மேலயே கெடந்துதும்மா. நீதான் கேக்க வரலன்றான். வாங்கிக்கினு அப்படியே ஆஸ்பத்திரிக்குப் போய்ட்டேன்."

"அந்தக் காயிதம்?"

"கீச்சிட்டேன்."

"அடிப்பாவி! எல்லம்மா இன்னா சொல்லும்?"

"பூத்துலேர்ந்து போன் போட்டு கல்யாணம் வேணாம்னு நானே சொல்ட்டேன். அப்பா கத்தறதக் கேட்டுக்கினு என்னால மஞ்சப் பூசிக்கினு ஒக்கார முடியாது." சொல்லி முடித்தபிறகுதான் அவள் அழுதாள். நானும் அழுதேன்.

அன்றைக்கு எட்டு மணிக்கு ஒரு மாத்திரை கொடுத்தேன். விடியற்காலை ஒன்று கொடுத்தேன். அதன் பிறகு அவர் தூங்கினார். வாய் பிளந்து, கால் இரண்டும் தளர்ந்து, அப்படி ஒரு தூக்கம். சத்தமே இல்லாத வீடு எனக்குப் பயமாக இருந்தது. மூக்கருகே விரலை வைத்து வைத்துப் பார்த்தேன். மூச்சு சூடாக வந்தது.

பதினோரு மணி வாக்கில் வேன் வந்து நின்றது. எல்லம்மாளும் மூன்று ஆம்பிளைகளும். "ஒரு பொட்டப் புள்ள போன்ல சொல்றதா இது? பெரியவங்க செத்தா போய்ட்டாங்க?" என்று தெருவிலிருந்தே கத்திக்கொண்டு வந்தாள். அவள் பரம்பரையையே இழுத்துத் திட்டுகிற அளவுக்கு என்னிடம் வார்த்தை இருந்தது. சுபாஷ்ரீ அதற்குள் நிச்சயப் புடவையை மடித்துத் தட்டில் வைத்து எடுத்து வந்துவிட்டாள்.

நான் தட்டை வாங்கி எல்லம்மாள் கையில் கொடுத்தேன்.

"எட்துக்கினு போங்க. மெதுவாப் பேசுங்க. எங்க வூட்டுக்காரரு தூங்கறாரு."