பின்னங்காலுக்குப் பதவி உயர்வு

நான் மாட்டின் பின்னங்கால். மாட்டாட்டம் பார்த்தவர்களுக்கு இது புரியும். மூங்கிலும் துணியுமாக ஒரு மாடு, அதற்குள் இரண்டு ஆள். முன்னால் நிற்பவன் தலையைச் சுமப்பான், கொம்பை ஆட்டுவான், மாட்டு வாய் வழியாக உலகத்தைப் பார்ப்பான். பின்னால் இருப்பவன் இடுப்பை மடித்துக் குனிந்து, முன்னால் போகிறவனின் குதிகாலைப் பார்த்தபடியே ஆட வேண்டும். அந்த இரண்டாவது ஆள்தான் ஜெயவேல் ஆகிய நான். பன்னிரண்டு வருஷமாக ஆரணி, களம்பூர், வந்தவாசி என்று ஆடாத திருவிழா இல்லை. ஆனால் என் ஆட்டத்தில் என்னைப் பார்த்தவர் ஒருவர்கூடக் கிடையாது.

முன்னங்கால் வேடியப்பன். குழுவுக்குத் தலைவனும் அவன்தான். ஆட்டம் முடிந்ததும் மாட்டுத் தலையைக் கழற்றி அக்குளில் இடுக்கிக்கொண்டு நாலு பக்கமும் கும்பிடு போடுவான். ஜனம் விசிலடிக்கும். நான் அப்போதும் குனிந்தே நிற்க வேண்டும். நிமிர்ந்தால் மாட்டுக்கு முதுகு கோணிவிடும் என்பது அவன் போட்ட சட்டம். எனக்கு முதுகு கோணினால் மட்டும் பரவாயில்லை போலிருக்கிறது.

பல்லைக் கடித்துக்கொண்டு இருந்திருப்பேன். பெண் பார்க்கப் போனதில்தான் வினை வந்தது.

தேசூர்ப் பெண், பெயர் ஹேமலதா. ஆரணி முதலாளி ஒருவருக்காக வீட்டிலேயே தறி போட்டுப் பட்டு நெய்கிறாள். பஜ்ஜி, காபி எல்லாம் முறையாக வந்தது. அவள் அப்பா, பெயர் சம்பந்தம், என்னைத் "தம்பி, தம்பி" என்று மரியாதையாகக் கூப்பிட்டுத் தொழிலை விசாரித்தார். டான்ஸ் ஆர்டிஸ்ட் என்றேன். பொய் இல்லையே. வீடியோ இருந்தால் காட்டச் சொன்னார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு முழுசாகப் பார்த்தார்.

"மாடு ஷோக்கா ஆடுது. இதுல நீங்க எங்க தம்பி?"

"அதோ, வாலுக்குக் கீழங்க."

சம்பந்தம் போனை என் கையில் திருப்பிக் கொடுத்தார்.

"தப்பா நெனைக்காதீங்க தம்பி. பொண்ண வாலுக்குக் கட்டிக் குடுத்தான்னு ஊரே சிரிக்கும். ஆடி வெள்ளிக்கு நாங்க ஆரணி வர்றோம். ஆட்டம் முடிஞ்சி தலைய கழட்டுறப்போ உங்க மொகம் தெரியட்டும். தெரிஞ்சா அங்கியே தேதி குறிச்சிடலாம். இல்லன்னா வுட்ருங்க."

எழுந்து வரும்போது ஹேமலதா ஒரே ஒரு கேள்வி கேட்டாள். "அவ்ளோ நேரம் குனிஞ்சிகினே இருந்தா இடுப்பு வலிக்காதாங்க?"

என் இடுப்பை இந்த உலகத்தில் முதன்முதலாக விசாரித்தவள் அவள்தான். இவளை விட்டால் எனக்கு வேறு கதி இல்லை என்று பஸ் ஏறும்போதே தெரிந்துவிட்டது.

வேடியப்பனிடம் கேட்டேன். ஒரே ஒரு தரம் நான் முன்னால் போகிறேன் என்றேன். "போடா, தும்ப வுட்டு வாலப் புடிக்கிறதுதான் ஒனக்கு வரும்" என்றான். தும்பும் வாலும் அவனுக்கு விளையாட்டு, எனக்குக் கல்யாணம்.

அந்த நேரம் பார்த்து நடனக் கலைஞர்களுக்குத் தொழில் திறன் மேம்பாட்டு முகாம் என்று ஊரில் போஸ்டர் ஒட்டினார்கள். கல்யாண மண்டபத்தில் மூன்று நாள், மதியச் சாப்பாடு உண்டு. பரத நாட்டிய டீச்சர்கள், சினிமா டான்ஸ் பையன்கள், கரகாட்டப் பெண்கள் என்று மண்டபம் நிறைந்துவிட்டது. சாப்பாடு என்றதும் வேடியப்பனும் வந்துவிட்டான்.

பயிற்சி கொடுக்கச் சென்னையிலிருந்து டயானா மேடம் வந்திருந்தார். தங்கமான மனுஷி. எதைக் கேட்டாலும் சிரிக்கவே மாட்டார். ஒவ்வொருவரும் ஒரு அசைவு செய்து தங்களை அறிமுகப்படுத்திக்கொள்ள வேண்டும் என்றார். என் முறை வந்தது. பழக்கதோஷம், குனிந்து தரையைப் பார்த்து என் பெயரைச் சொன்னேன்.

"ஜெயவேல், அஞ்சு வருஷத்துல உங்கள எங்க பாக்குறீங்க?"

"மாட்டுத் தலையில மேடம்."

யாரும் சிரிக்கும் முன்பே மேடம் போர்டில் ஏணி ஒன்று வரைந்தார். கீழ்ப்படியில் பின்னங்கால் என்று எழுதினார், அடுத்த படியில் முன்னங்கால். "அதுக்கு மேல?" என்றார்.

"அதுக்கு மேல கொம்புதான் மேடம்."

அதையும் எழுதிக்கொண்டார். பிறகு வேடியப்பனை எழுப்பினார். நல்ல தலைவர் எல்லா இடத்திலும் இருந்து பார்ப்பார், அதற்குப் பணிச் சுழற்சி என்று பெயர், நீங்கள் நல்ல தலைவர்தானே என்று கேட்டார். கரகாட்டப் பெண்கள் எல்லோரும் அவனைத் திரும்பிப் பார்த்தார்கள். மீசையை முறுக்கிக்கொண்டே "ஆமாங்க" என்று சொல்லி மாட்டிக்கொண்டான்.

எனக்கு நிமிர்ந்து நிற்கவும் எதிரில் இருப்பவர் கண்ணைப் பார்க்கவும் பயிற்சி. அவனுக்குக் கண்ணைக் கட்டிக்கொண்டு மற்றவர் பின்னால் போகப் பயிற்சி. அவன் இரண்டு முறை சமையல்கட்டுக்குள் போய்விட்டான். குறை சொல்வதானால் முன்னால் ஒரு நல்லதும் பின்னால் ஒரு நல்லதும் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்றும் மேடம் கற்றுக்கொடுத்தார். வேடியப்பன் அதை மட்டும் கெட்டியாகப் பிடித்துக்கொண்டான்.

"நல்லா துன்ற. காலு வாழத்தண்டு மாரி தொவளுது. நல்லா தூங்குற" என்றான்.

ஆரணி கொசப்பாளையத்தில் ஒரு விசைத்தறிக் கொட்டகைக்குப் பக்கத்தில் இடம் மாறி, நான் முன்னாலும் அவன் பின்னாலுமாக ஒத்திகை பார்த்தோம். தறிச் சத்தமே தாளம், மேளக்காரர் தேவைப்படவில்லை. கரண்ட் போனபோதெல்லாம் மாடும் நின்றது. மற்றபடி எல்லாம் சரியாக வந்ததாகவே எங்கள் இருவருக்கும் நினைப்பு.

ஆடி வெள்ளியும் வந்தது. அம்மன் டிராக்டரில் ஜோடித்து நிற்கிறாள். முன்னால் மேளம், அதற்கு முன்னால் எங்கள் மாடு. மாடு நகர்ந்தால்தான் அம்மன் நகருவாள், அது வழக்கம். பஜாரின் அந்தக் கோடியில் சம்பந்தம் பட்டு வேட்டியில் நிற்கிறார், பக்கத்தில் ஹேமலதா. மாட்டு வாய் வழியாக எனக்கு நன்றாகத் தெரிகிறார்கள்.

மேளம் தட்டினார்கள். ஆரணி பஜாரில் அத்தனை வருஷம் ஆடியும் அதன் கடைகளை ஆட்டத்தில் அன்றைக்குத்தான் பார்த்தேன். ஜவுளிக்கடை பொம்மை கட்டியிருந்த புடவையைப் பார்த்தேன், மாடியில் நின்ற ஜனத்தைப் பார்த்தேன், மேடம் சொன்னபடி எல்லோருடைய கண்ணையும் பார்த்தேன். காலை மட்டும் மறந்துவிட்டேன். எனக்கு முன்னால் குதிகால் எதுவும் இல்லை. குதிகால் இல்லாமல் எந்தப் பக்கம் போவது என்று என் காலுக்குத் தெரியவில்லை.

வேடியப்பனுக்கு அந்தக் குழப்பமே இல்லை. அவன் பிறவித் தலைவன். குனிந்த தலையோடு தன் இஷ்டத்துக்கு இழுக்க ஆரம்பித்தான். இழுத்த இழுப்புக்கு நான் போனேன். மாடு பின்னால் நடந்தது.

மேளக்காரர்கள் மாட்டுக்கு வழிவிட்டுப் பின்னால் நடந்தார்கள். டிராக்டர் டிரைவர் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு ரிவர்ஸ் கியர் போட்டார். அம்மன் பின்னால் போக, தீச்சட்டி ஏந்தியவர்களும் பால்குடக்காரர்களும் பின்னாலேயே நடந்தார்கள். யாரும் ஏன் என்று கேட்கவில்லை. "இந்த வர்ஷம் இப்பிடித்தானாம், மழ நல்லா பெய்யுமாம்" என்று ஒருவர் விளக்கம் சொல்லிக்கொண்டிருந்தார்.

எனக்கு மட்டும் தெரிந்தது. சம்பந்தம் சின்னதாகிக்கொண்டே போனார். ஹேமலதாவும் சின்னதாகிக்கொண்டே போனாள். என் கல்யாணம் என் கண் முன்னாலேயே தூரமாகப் போய்க்கொண்டிருந்தது. கத்தினேன். மேளச் சத்தத்தில் மாடு கத்துகிறது என்று ஜனம் கை தட்டியது.

திடீரென்று மாட்டின் வயிற்றைக் கிழிக்காத குறையாக வேடியப்பன் வெளியே வந்து விழுந்தான். முகம் சிவந்து, கண் பிதுங்கியிருந்தது.

"உள்ள காத்தே இல்லடா! இத்தினி வர்ஷம் எப்பிட்றா இருந்த?"

சோடாக்கடைப் படியில் உட்கார்ந்தவன் எழுந்திருக்கவே இல்லை. மாட்டுக்குப் பின்பாதி தரையில் கிடந்தது. டிராக்டர் நின்றது, மேளம் நின்றது, டிரைவர் ஹாரன் அடிக்க ஆரம்பித்தார். அப்போதுதான் கூட்டத்தை இடித்துக்கொண்டு ஹேமலதா ஓடி வந்தாள். அவள் அப்பா இன்னும் தூரத்தில் மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார்.

"நீங்க பின்னாடி போங்க. தலைய என்கிட்ட குடுங்க."

"உங்கப்பா என் மொகத்தப் பாக்கணும்ன்னாரே!"

"உங்களுக்கு முன்னாடி வராதுங்க. நானும் பாத்துகினுதான இருந்தேன்."

முன்னாலும் நல்லது சொல்லவில்லை, பின்னாலும் சொல்லவில்லை. சுருக்கென்று தைத்தது. அழுகையே வந்தது. ஆனால் அம்மன் நடுத்தெருவில் நிற்கிறாள், நான் முன்னால் நின்றால் அம்மன் வந்தவாசிக்கே போய்விடுவாள். தலையைக் கழற்றிக் கொடுத்துவிட்டேன்.

ஹேமலதா புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு மாட்டுத் தலைக்குள் நுழைந்தாள். "ஜல்தி. எந்தக் கால மொதல்ல வெக்கணும்?"

"வலது. துணிய எந்தப் பக்கம் இழுக்கிறனோ, அந்தப் பக்கம் திரும்புங்க."

குனிந்தேன். இருட்டு, வேர்வை நாற்றம், எதிரில் இரண்டு குதிகால். தினமும் தறி மிதிக்கிற கால், தாளம் அதற்குப் புதிதில்லை. வேடியப்பனுடைய வெடித்த குதிகாலையே பார்த்துச் சலித்த கண்ணுக்கு அது வேறு உலகமாக இருந்தது. நான் இடப்பக்கம் இழுத்தால் இடது, வலப்பக்கம் இழுத்தால் வலது. மாடு துள்ளியது, முட்டியது, வாலைச் சுழற்றியது. அவ்வளவு சந்தோஷமாக நான் என்றைக்கும் ஆடியதில்லை. அம்மன் முன்னால் நகர்ந்தாள்.

பஜார் கோடியில் ஆட்டம் முடிந்தது. தலை கழன்றது. விசில் பறந்தது. நான் வழக்கம்போலக் குனிந்து நின்றேன். அந்த விசிலுக்கு நடுவில் சம்பந்தத்தின் குரல் கேட்டது.

"ஐயோ ஹேமா! தலையப் போடு! மாட்டுத் தலையப் போடும்மா!"

"மொகத்தப் பாக்கணும்னீங்களே நைனா. பின்னாடி போயி குனிஞ்சி பாருங்க."

பட்டு வேட்டி வெளியே மெதுவாக என் பக்கம் வந்தது. நின்றது. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, முழங்காலில் கை ஊன்றி, அந்த மனுஷன் நடு பஜாரில் குனிந்தார். கோமாதாவின் பின்பக்கம் லட்சுமி அல்லவா, அவர் சேவிப்பதாக நினைத்து அவருக்குப் பின்னால் நாலைந்து பெண்கள் கற்பூரத் தட்டோடு வரிசையில் நின்றுவிட்டார்கள்.

வாலை ஒதுக்கிவிட்டுத் தலையை உள்ளே நீட்டினார். எங்கள் முகத்துக்கு நடுவில் ஒரு சாண் இடம்தான் இருந்தது. என் மூக்கிலிருந்து வேர்வை சொட்டிக்கொண்டிருந்தது. கொஞ்ச நேரம் பார்த்தார். அதற்குள்ளேயே அவருக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது போலும், முகம் சுளித்தது.

"மாப்ள," என்றார், "சாப்ட்டீங்களா?"