மூன்றாவது கையெழுத்து

வேன் பார்ன்ஸ்லிக்குள் நுழைந்தபோது ஜனீன் வாயைப் பிளந்துகொண்டு தூங்கிக்கொண்டிருந்தாள். சொந்த ஊர் வந்துவிட்டதைக்கூட மேனேஜர் க்ளைவ்தான் தோளைத் தட்டிச் சொல்ல வேண்டியிருந்தது. காலையில் ஷெஃபீல்டில் ஒரு கடைவாசலில் ஆடி முடித்தாகிவிட்டது. இங்கே ஒரு இசைக்கடையில் ரசிகர்களுக்குக் கையெழுத்து, பிறகு லீட்ஸ்.

'மிஸ் டாஃபி' குழுவில் பெண்கள் நான்கு பேர். அவர்களுடைய புது சிங்கிள், அதாவது ஒற்றைப் பாட்டு சிடி, திங்கட்கிழமை கடைகளுக்கு வந்திருந்தது. ஞாயிறு சாயங்காலம் ரேடியோவில் விற்பனை வரிசையைச் சொல்வார்கள். முதல் இருபதுக்குள் வந்தால் ஆல்பம் உண்டு, வராவிட்டால் மூட்டையைக் கட்ட வேண்டியதுதான். அதனால் வாரம் முழுக்க ஊர் ஊராகப் போய்ப் பல்லைக் காட்டினார்கள். பாட்டை இசைத்தட்டு பாடிவிடும், இவர்கள் வாயசைத்தால் போதும். அதற்கே ஜனீனுக்குத் தாடை வலித்தது. பாட ஆசைப்பட்டு வந்தவள், பாடி எத்தனை நாளாயிற்று என்று யோசிக்கவும் தெம்பில்லை.

பத்திரிகைகளுக்கு அவள் வயது இருபத்திரண்டு. உண்மையில் இருபத்தெட்டு. நடுவில் காணாமல்போன அந்த ஆறு வருஷத்துக்குள்தான் மகள் கிர்ஸ்டியை ஒளித்து வைத்திருந்தார்கள்.

"பதிமூணு வயசுப் பொண்ணுங்க ரூம்ல ஒட்டுற போஸ்டர்மா இது. அதுல ஒரு அம்மா நிக்க முடியாது" என்று க்ளைவ் ஆரம்பத்திலேயே சொல்லிவிட்டான். மனுஷன் கெட்டவன் இல்லை, வியாபாரி. ஆறு வயது கிர்ஸ்டி வெளியுலகத்துக்குத் தங்கச்சி ஆனாள், ஜனீனின் அக்கா டெனிஸ் வீட்டில் வளர்ந்தாள். நாலு பேர் இருக்கும் இடத்தில் 'அம்மா' என்று கூப்பிடக் கூடாது, 'ஜனீன்' என்றுதான் கூப்பிட வேண்டும் என்று குழந்தைக்குப் பழக்கியது ஜனீனேதான். இந்தப் பாட்டு மட்டும் முடியட்டும், எல்லாரிடமும் சொல்லிவிடலாம் என்றும் சொல்லியிருந்தாள். முதல் பாட்டுக்கும் அதைத்தான் சொன்னாள், இரண்டாவது பாட்டுக்கும் அதையேதான் சொன்னாள்.

இன்றைக்குக் கடையின் பின்னறையில் அரைமணி நேரம் கிர்ஸ்டியோடு இருப்பதாக ஏற்பாடு. வேன் நின்றதும் க்ளைவ் தலையைச் சொறிந்தான்.

"ஜனீன், அந்த அரைமணி இன்னிக்கி இல்ல. லீட்ஸ்ல சீக்கிரம் வரச் சொல்லிட்டாங்க."

"விளையாடுறியா? என் ஊரு க்ளைவ் இது. காலைலேர்ந்து காத்துட்டிருப்பா."

"உன் ஊருங்கறதாலதான் கூட்டம் தெரு வரைக்கும் நிக்குது. இன்னும் ரெண்டு நாள் பல்லைக் கடிச்சுக்கோ."

"நீ கடிச்சுக்கோ, உன் பல்லுதான் நல்லா இருக்கு" என்றாள் பக்கத்திலிருந்த குழுப்பெண் டாஷ். யாரும் சிரிக்கவில்லை. சண்டை போட வேண்டிய இடம்தான் அது. ஆனால் சண்டைக்கும் கொஞ்சம் தூக்கம் வேண்டியிருக்கிறது. ஜனீன் டெனிஸுக்கு போன் போட்டாள். யாரும் எடுக்கவில்லை.

உள்ளே நீள மேசை. கீலி, டாஷ், ஜனீன், சிமோன் என்று எப்போதும் அதே வரிசை. சிடி அட்டை இடது பக்கத்திலிருந்து வரும், கையெழுத்துப் போட்டு வலது பக்கம் தள்ள வேண்டும். பெயர் கேட்டு எழுதுவது மட்டும் மூன்றாமவள் வேலை, ஏனென்றால் ஜனீனின் எழுத்துதான் குண்டு குண்டாக அழகாக இருக்கும். தலைக்கு மேலே ஸ்பீக்கரில் அவர்கள் பாட்டே ஓடி, முடிந்து, மறுபடி ஓடியது. அவள் நிமிர்ந்து பார்ப்பதை எப்போதோ விட்டுவிட்டாள். முகங்களைப் பார்த்தால் நேரமாகிறது என்று க்ளைவ் பின்னாலிருந்து இருமுவான்.

அட்டை வந்தது. "பேரு என்ன செல்லம்?"

"லூயிஸ்."

அட்டை வந்தது. "பேரு என்ன செல்லம்?"

"கிர்ஸ்டி."

நம்ம பிள்ளை பேருதான் என்று நினைத்தபடியே, 'கிர்ஸ்டிக்கு, நிறைய அன்புடன்' என்று எழுதி, கீழே இரண்டு முத்தக்குறி போட்டு, சிமோன் பக்கம் தள்ளினாள்.

"தேங்க்ஸ், ஜனீன்."

அந்தக் குரல் அவளை அறைந்தது. நிமிர்ந்தாள். ஊதா நிற மழைக்கோட்டில், முன்பல் விழுந்த வாயோடு, அவள் பெற்ற பெண் சிமோனுக்கு முன்னால் நகர்ந்து நின்றுகொண்டிருந்தாள். அந்தக் கோட்டை வாங்கிக் கொடுத்ததே ஜனீன்தான். தூணோரம் நின்ற டெனிஸின் முகத்தைப் பார்க்கவே முடியவில்லை. பின்னறைக்கு யாரும் கூப்பிடாததால் பிள்ளையை வரிசையில் நிறுத்தியிருக்கிறாள். எத்தனை நேரம் நின்றதோ! பெற்ற பிள்ளையிடமே பேர் கேட்டாயே பாவி என்று ஜனீன் தன்னையே திட்டிக்கொண்டாள்.

நாற்காலி விழுகிற மாதிரி எழுந்தாள். "கிர்ஸ்டி!"

வரிசையில் பின்னால் நின்ற ஒரு பெண் ஆவலாகக் கேட்டாள். "உங்களுக்குத் தெரிஞ்ச பாப்பாவா?"

"என் பொண்ணு" என்றாள் ஜனீன். கொஞ்சம் சத்தமாகவே வந்துவிட்டது. கீலியின் பேனா நின்றது. க்ளைவ் இருமவில்லை.

கிர்ஸ்டி அவளைப் பார்த்தாள், பிறகு க்ளைவைப் பார்த்தாள், கடைசியாகக் கேள்வி கேட்ட பெண்ணிடம் திரும்பி மிகப் பொறுப்பாகச் சொன்னாள்.

"இல்லக்கா, அவ சும்மா சொல்றா. நான் தங்கச்சி."

வரிசையில் எல்லோரும் சிரித்தார்கள். க்ளைவும் மூச்சு விட்டுச் சிரித்தான், ஜனீனைப் பார்த்து உட்காரும்படி சைகை காட்டினான். டாஷ் அடுத்த அட்டையை நீட்டினாள்.

ஜனீன் அதை வாங்கவில்லை. பேனாவை மூடி வைத்தாள். மேசையைச் சுற்றிக்கொண்டு போய், அத்தனை பேர் நடுவே தரையில் மண்டியிட்டு, மழைக்கோட்டோடு பிள்ளையை அள்ளிக்கொண்டாள். "அம்மான்னு கூப்பிடுடா தங்கம். பரவால்ல, கூப்பிடு."

கிர்ஸ்டி அவள் காதருகே வாயைக் கொண்டுவந்தாள். யாருக்கும் கேட்காதபடி, பெருமை தாங்காமல் சொன்னாள்.

"பாத்தியா, நான் சொல்லவே இல்ல."