கிப்லாப் பக்கத்து மேகம்

ராதாபுரத்தில் மேகத்தை யாரும் நம்புவதில்லை. அது தானாக நடக்காது, காற்று இழுத்த இழுப்புக்குப் போகும். அதனால் அங்கே காற்றைத்தான் விசாரிப்பார்கள். மேற்கே மலை நிற்கிறது. அந்தப் பக்கமிருந்து வரும் மேகம் மழையை மலையிலேயே கொட்டிவிட்டு, வெறுங்கையோடு ஊரைத் தாண்டி ஓடும். கிழக்கே கடல். அங்கிருந்து கிளம்பும் மேகம் ஈரத்தைச் சுமந்து வரும், வந்தால் சும்மா போகாது.

ரைஹானத்துக்கு இது தெரியாததல்ல. ஐப்பசி பிறந்து, எந்தப் பக்கம் வீசுவதென்று காற்றே முடிவு செய்யாத காலை அது. வீட்டுக்கு மேல்தளம் போட ஆட்கள் வந்துவிட்டார்கள், கலவை இயந்திரமும் வந்துவிட்டது. சுற்றிலும் காற்றாலைகள் அசையாமல் நின்றன. பூதத்தான் கொத்தனார் வானத்தைப் பார்த்தார், பிறகு அவளைப் பார்த்தார்.

“போட்டுருவமாக்கா? வீட்டுக்காரரு என்ன சொல்லுதாரு?”

வீட்டுக்காரர் முகம்மது சுல்தான் சவூதியில், ஜித்தாவில் இருந்தார். கல்யாணம் முடிந்த கையோடு போனவர், விடுமுறைக்கு வந்து தலைகாட்டுவதோடு சரி. மனை வாங்கியதும் வந்துவிடுகிறேன் என்றார். அப்புறம் மகள் கல்யாணம் முடியட்டும் என்றார். இப்போது தளம் முடிந்ததும் வருவதாகச் சொல்லியிருந்தார். இதற்கப்புறம் சொல்ல அவரிடம் சாக்கு எதுவும் மிச்சமில்லை. ரைஹானத்தின் அவசரமெல்லாம் அதற்குத்தான்.

கைப்பேசியில் மேகப் படத்தைப் பார்த்துவிட்டு அவர் குரல் பதிவு அனுப்பியிருந்தார். “மேகம் இன்னைக்குக் கிப்லாப் பக்கமிருந்து வருது. பாத்துச் செய்யி.”

கிப்லா என்றால் தொழுகைக்கு முகம் வைக்கும் திசை. மக்கா மேற்கே இருப்பதால், அவர்கள் வீட்டில் மேற்குக்கே அதுதான் பேர். மேற்கத்தி மேகம்தானே, அது ஒன்றும் செய்யாது.

“போடுங்க அண்ணாச்சி” என்றாள்.

முக்கால் தளம் முடிந்திருந்தது. காற்றாலைகள் ஒவ்வொன்றாகப் பைய முகத்தைத் திருப்பின. காற்று வரும் பக்கம் பார்த்து நிற்பதுதான் அவற்றின் வேலை. எல்லாம் கிழக்கே பார்த்தன.

“ஏலே, தார்ப்பாய எடுங்கலே!” என்று பூதத்தான் கத்தினார்.

எடுப்பதற்குள் மழை வந்துவிட்டது. தார்ப்பாய் எட்டாத மூலையில் சிமெண்ட் கரைந்து பாலாகச் சுவரில் வழிந்தது. அதற்குக் கீழேதான் படுக்கையறை. ரைஹானத் நனைந்துகொண்டே நின்று அழுதாள்.

“அந்த மூலைய உடைச்சுதான் போடணும்க்கா. இனி மழைக்காலம் முடியட்டும்.”

ஈரச் சேலையோடேயே அவள் ஜித்தாவுக்குப் பேசினாள்.

“கிப்லாப் பக்கம்னுல்லா சொன்னீங்க? கிழக்கயிருந்துல்லா வந்து ஊத்திட்டு!”

“நானும் கிழக்கன்னுதான சொன்னேன்?” என்றார் சுல்தான். பிறகு குரல் இறங்கியது. “இங்கன கிப்லா கிழக்க, ரைஹானத். ஜித்தாவுக்குக் கிழக்கதான மக்கா இருக்கு. அந்த நெனப்புலயே சொல்லிட்டேன்.”

அதை அவள் ஒருநாளும் யோசித்ததில்லை. திட்டத்தான் வாயெடுத்தாள், திட்டு வரவில்லை. ஒவ்வொரு தொழுகைக்கும் அவள் மேற்கே பார்த்து நிற்கிறாள். அவர் கிழக்கே பார்த்து நிற்கிறார்.

“அப்பம் இத்தன வருசமா நாம ரெண்டு பேரும் எதிரெதிரா மொகம் பாத்துதான் நின்னுருக்கோமா?”

சுல்தான் தொண்டையைச் செருமினார். “தளம் மழைக்குப் பொறவுதான் முடியும்னா, நானும் அதுக்குப் பொறவு…”

“தளம் கெடக்கட்டும்” என்றாள் ரைஹானத். “நீங்க வந்துருங்க. இனி ரெண்டு பேரும் ஒரே பக்கம் பாத்துத் தொழுவோம்.”